நாய் வண்டி

"வெளிய வா, சனியனே! வான்னா வா!"

மேசைக்கு அடியில் மண்டியிட்டு, நாயின் கழுத்துப்பட்டையைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தாள் ரிம்மா. மேசைமேல் சவப்பெட்டி இருந்தது. பெட்டிக்குள் அவளைப் பெற்றவர் ப்ரோகோர் ஜகாரிச், தன்னிடமிருந்த ஒரே நல்ல கோட்டைப் போட்டுக்கொண்டு, கால்கள் வாசலைப் பார்க்க, இந்த உலகத்தின் தொல்லை எதுவும் தனக்கில்லை என்று படுத்திருந்தார். அவருக்கென்ன! உயிரோடு இருந்தபோதும் இப்படித்தான் இருந்தார். தொல்லையெல்லாம் கூட இருந்தவர்களுக்குத்தான்.

நாய் அசைந்தால்தானே? கூஸ்யா என்று பெயர். வயசான பழுப்பு நாய். தொண்டையிலிருந்து வயிறு வரைக்கும் ரோமம் முளைக்காத நீளத் தழும்பு. முன்னங்கால்களைத் தரையில் ஊன்றிக்கொண்டு, என்னை ஏன் இழுக்கிறாய், செத்தது நீயா நானா என்பதுபோல அவளைப் பார்த்தது.

"பொணம் இருக்கற வீட்ல நாய் இருக்கக் கூடாதுடி," என்றாள் கபிதோலினா, வாசலில் கரண்டியோடு நின்றபடி. பக்கத்து அறைக்காரி. இந்தக் குடியிருப்பில் நாலு குடும்பத்துக்கும் ஒரே சமையலறை, ஒரே குளியலறை. அந்த இரண்டுக்கும் ராணி அவள். "காலங்காத்தால இருந்து சொல்லிட்டிருக்கேன். போன உசிரு நிம்மதியா போக வேண்டாமா?"

"நான் என்ன ஆசைப்பட்டா வெச்சிருக்கேன், காபா அத்தை? நீங்களே வந்து இழுத்துப் பாருங்க!"

"இழுத்தா வருமா? தள்ளு."

கபிதோலினா போய், துண்டு சாசேஜோடு திரும்பி வந்தாள். மேசைக்கு அடியில் குனிந்து ஏதோ முணுமுணுத்தாள். நாய் எழுந்து அவள் பின்னாலேயே நடைவழியில் போயிற்று. அவள் அறைக்கதவு சாத்திய சத்தம் கேட்டது.

ரிம்மா முழங்கால் தூசியைத் தட்டிக்கொண்டு எழுந்தாள். இதே கபிதோலினாதான், சூப்பில் நாய் ரோமம் கிடக்கிறது என்று வீட்டுக் கமிட்டியிடம் வருஷக்கணக்காகப் புகார் சொன்னவள். இவர் செத்ததும் எல்லாருக்கும் எங்கிருந்துதான் பாசம் பொத்துக்கொண்டு வருகிறதோ!

கண்ணாடியைத் துண்டால் மூடியாயிற்று. அலமாரிமேல் போட்டோ, அதன் முன்னால் செத்தவருக்கென்று ஒரு கிளாஸ் வோட்கா, கிளாசின்மேல் ஒரு துண்டு கறுப்பு ரொட்டி. நாற்பது நாளைக்கு அதை யாரும் தொடக் கூடாது. பெட்டியின் மூடி படிக்கட்டில் சுவரோடு சாய்ந்து நின்றது. எல்லாம் தயார். பெட்டியைக் கொண்டுபோக வேண்டிய பஸ்ஸைத்தான் காணோம்.

ரிம்மாவின் கணவன் க்ளேப் நடைவழித் தொலைபேசியோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தான்.

"என்னங்கறாங்க?"

"கிளம்பிடுச்சாம்."

"காலைலயும் இதத்தானே சொன்னாங்க?"

"இப்பவும் அதத்தான் சொல்றாங்க. நான் என்ன பண்ண?"

வேலை பார்த்தவர் செத்தால் ஆய்வுக்கழகத்துத் தொழிற்சங்கம் பஸ் அனுப்பும். அது வழக்கம். வாயில்காப்போன் செத்தபோதுகூட அனுப்பினார்கள். ப்ரோகோர் ஜகாரிச் அங்கே நிலவறையில் பாதி ஆயுளைக் கழித்தவர். மருந்து நாற்றமும் நாய் நாற்றமும் அடிக்கிற அந்த நிலவறையில், ஒரு நாயின் இதயத்தை எடுத்து இன்னொரு நாயின் நெஞ்சுக்குள், அதன் சொந்த இதயத்துக்குப் பக்கத்திலேயே வைத்துத் தைப்பார். சில நாய்கள் அன்றைக்கே செத்தன. சில, நாலைந்து நாள் தாக்குப்பிடித்துவிட்டுச் செத்தன. ஒருமுறை குட்டி நாயின் தலையைப் பெரிய நாயின் கழுத்தில் தைத்துவிட்டார். இரண்டு வாயும் பால் குடித்தன. மாஸ்கோ முழுக்கச் செய்தி பரவியது. பள்ளிக்கூடத்தில் ரிம்மாவைச் சுற்றி நின்றுகொண்டு, "உங்க வீட்ல எல்லாருக்கும் ஒரு தலைதானா?" என்று கேட்டார்கள்.

அதைக்கூட அவள் பொறுத்துக்கொண்டாள். த்யாபாவைத்தான் பொறுக்கவில்லை.

த்யாபா அவளுடைய நாய். வெள்ளை, ஒரு காது மட்டும் கறுப்பு. தாயில்லாத பெண்ணுக்கு அதுதான் துணை, அவள் தட்டில் பாதி அதற்கு. ஒரு நாள் பள்ளிவிட்டு வந்தால் ஆணியில் கயிறு மட்டும் தொங்கியது. சாயங்காலம் அவர் வந்தார். கோட்டைக்கூடக் கழற்றாமல் உட்கார்ந்து, "அவசரமா ஒரு நாய் தேவைப்பட்டுது, வேற கிடைக்கல," என்றார். பிறகு, "இன்னொன்னோட நெஞ்சுல அதோட இதயம் துடிச்சுது ரிம்மா. இருட்டற வரைக்கும் துடிச்சுது. அவ்வளவு நல்லா துடிச்சுது!" என்றார். ஆறுதல் சொன்னாராம்! குழந்தைக்குச் சொல்கிற ஆறுதலா அது? அன்றிலிருந்து அவள் அவரை அப்பா என்று கூப்பிடவில்லை. ஊரார் கூப்பிடுகிற மாதிரி ப்ரோகோர் ஜகாரிச் என்றுதான் கூப்பிட்டாள். அவரும் ஏன் என்று கேட்டதில்லை. கவனித்தாரோ என்னவோ, அதுவே சந்தேகம்தான்.

பிறகு ஒரு கமிஷன் உட்கார்ந்தது. இது அறிவியல் இல்லை, ஒழுக்கக்கேடு என்று தீர்மானம் போட்டு நிலவறையைப் பூட்டியது. மிச்சமிருந்த நாய்களைக் கொன்றுவிடச் சொன்னது. கூஸ்யா அப்போது ஓரளவு தேறியிருந்த நாய். ப்ரோகோர் ஜகாரிச் அதை மட்டும் கோட்டுக்குள் மறைத்து, டிராமில் ஏறி வீட்டுக்குக் கொண்டுவந்துவிட்டார். அதற்கப்புறம் தினம் சாயங்காலம் ஸ்டெதஸ்கோப் குழலை நாயின் நெஞ்சில் வைத்துக் கேட்பார். "ரெண்டும் ஓடுது," என்பார். பழைய சகாக்கள் யாரும் நம்பவில்லை. இரண்டாவது எப்போதோ நின்று, சுருங்கிப்போயிருக்கும் என்றார்கள். திறந்து பார்த்தால் தெரியும் என்றார்கள். திறக்கத்தான் அவர் விடவில்லை.

என் த்யாபாவுக்கு இல்லாத இரக்கம் இதற்கு எங்கிருந்து வந்தது? இந்தக் கேள்வியை ரிம்மா மனசுக்குள் ஆயிரம் தடவை கேட்டிருப்பாள். வாய்விட்டுக் கேட்டதில்லை. கடைசி நாளில் கேட்டுவிடலாம் என்று தேநீரும் கையுமாகக் கட்டிலருகே உட்கார்ந்தாள். அவர் கண்ணைத் திறந்து அவளைத்தான் பார்த்தார். உதடு அசைந்தது. என்ன சொல்லப்போகிறாரோ என்று குனிந்தாள்.

"அதுக்கு ரொட்டி போட்டியா?"

அவ்வளவுதான். அவள் கிளாசை அவர் வாய்க்கு நேராக நீட்டினாள். "போடறேன், போடறேன். நீங்க முதல்ல இதக் குடிங்க," என்றாள். அவர் குடிக்கவில்லை. ஒரு மனுஷன் பெற்ற மகளிடம் கடைசியாகச் சொல்லிவிட்டுப் போகிற வார்த்தையா இது? இரண்டு நாளாக அதை நினைக்கும்போதெல்லாம் அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"வண்டி வந்துடுச்சு!" என்று க்ளேப் ஜன்னலிலிருந்து கத்தினான். கத்தியவன் அப்படியே நின்றுவிட்டான். "ஆனா... ரிம்மா, இது பஸ் இல்ல."

அவள் எட்டிப் பார்த்தாள். முற்றத்துச் சேற்றுப் பனியில் சாம்பல் நிற மூடுவண்டி ஒன்று நின்றது. அந்த வண்டியை அவளுக்கு நன்றாகத் தெரியும். நிலவறைக்கு நாய்கள் போய்வந்த வண்டி.

படியேறி வந்தவர் வலேரியான் எத்வர்தோவிச். ஆய்வுக்கழகத்தின் துணை இயக்குநர், கொழுத்த வெள்ளை மனுஷன், மூன்று மாடி ஏறியதில் மூச்சு வாங்கியது. ஒரு கையில் காகிதப் பூ மலர்வளையம். இன்னொரு கையைக் கோட்டுப் பையில் விட்டிருந்தார். பையிலிருந்து நாய்ச்சங்கிலியின் நுனி வெளியே தொங்கிக்கொண்டிருந்தது.

பெட்டியருகே தொப்பியைக் கழற்றி நின்றார். நிற்க வேண்டிய அளவுக்கு நின்றார். பிறகு ரிம்மாவை ஜன்னல் பக்கமாக நகர்த்திக்கொண்டு போனார்.

"ரொம்ப வருத்தம், ரிம்மா ப்ரோகோரவ்னா. பெரிய இழப்பு."

"பஸ் எங்க?"

"பஸ்... பஸ் வரும். நான் வந்தது வேற விஷயமா. அந்த நாய் எங்க?"

ரிம்மாவுக்குச் சட்டென்று சிரிப்பு வந்துவிட்டது. மனுஷனுக்கு வண்டி இல்லை, நாய்க்கு வண்டி வந்திருக்கிறது!

"எதுக்கு நாய்?"

"வெளிநாட்டுல எல்லாம் இப்ப இதையே செய்ய ஆரம்பிச்சுட்டாங்க. நாளைக்கு மனுஷனுக்கே பண்ணுவாங்களாம். நம்ம நாட்டுல இத முதல்ல யாரு செஞ்சதுன்னு கேக்கறாங்க. நாங்க என்னத்தக் காட்டறது? எங்களுக்கு இருக்கறது அந்த ஒரு நாய்தான்." குரலைத் தணித்துக்கொண்டார். "இன்னைக்கே திறந்து பாத்துடுவோம். ரெண்டாவது இதயம் உசிரோட இருந்தா, உங்கப்பா பேரு நிக்கும். அறைவாசல்ல பலகை வெப்போம். பாடப் புத்தகத்துல வரும். கசாப்புக்காரன்னு சொன்ன வாயெல்லாம் அடைஞ்சு போயிடும். உங்களுக்கும் அது நல்லதில்லையா?"

நல்லதுதான். அதுதான் வயிற்றெரிச்சல். நாய் வெட்டி மகள் என்று கேட்டுக் கேட்டு வளர்ந்தவளுக்கு அது எவ்வளவு பெரிய விஷயம் என்று இந்த ஆளுக்கு எப்படித் தெரிந்தது? நாயும் ஒன்றும் அவள் நாய் இல்லை. அதைக் கண்டாலே பிடிக்காது அவளுக்கு. சாகப்போகிற கிழடு வேறு. கொடுத்துவிட்டால் ஒரே நாளில் இரண்டு பாரமும் தீரும்.

"கமிஷன்ல நீங்களும் இருந்தீங்கதானே?" என்று கேட்டாள்.

"எல்லாரும் இருந்தோம்."

"கை தூக்கினீங்களா?"

"எல்லாரும் தூக்கினோம், ரிம்மா ப்ரோகோரவ்னா. அது அந்தக் காலம்." அவர் அறையைச் சுற்றிப் பார்த்தார். "நாய் எங்க?"

"எந்த நாய்?" என்றது ஒரு குரல். கபிதோலினா, சாவுச் சாப்பாட்டுக்கு ப்ளினி அப்பம் சுட்ட கையைத் துடைத்துக்கொண்டு வாசலில் நின்றாள். "இந்த வீட்ல நாயெல்லாம் இல்ல. பொணம் இருக்கற வீட்ல எவனாவது நாய் வெச்சிருப்பானா? படிச்சவர்தானே நீங்க?"

அந்த நேரம் பார்த்து அவள் அறைக்குள்ளிருந்து கூஸ்யா நீளமாக ஊளையிட்டது.

எல்லாரும் நடைவழியைப் பார்த்தார்கள்.

"ரேடியோ," என்றாள் கபிதோலினா.

"ரேடியோவா?"

"நாடகம் போடறான். இப்ப என்னங்கறீங்க?"

"அம்மா, அது அரசாங்கச் சொத்து. ஆய்வுக்கழகத்து நாய். நீங்க மறைச்சா..."

"யாரப் பாத்து மறைக்கறேங்கற? இந்த நாயப் பத்தி நான் சொல்லாத புகாரா? அப்ப ஒருத்தனாவது வந்தியா, எங்க சொத்துன்னு? என் சூப்புல ரோமம் விழுந்தப்ப அது யாரு ரோமம்?"

வலேரியான் எத்வர்தோவிச் முகம் சிவந்து ரிம்மா பக்கம் திரும்பினார். "நீங்க சொல்லுங்க. மகள் நீங்கதானே? உண்மை தெரிய வேண்டாமா உங்களுக்கு? அவர் ஜெயிச்சாரா இல்லையான்னு தெரிய வேண்டாமா?"

ரிம்மா மேசையைப் பார்த்தாள். மேசைமேல் படுத்திருந்தவர் எந்த உதவியும் செய்யவில்லை. அவள் வாழ்நாளெல்லாம் அவர் செய்த மாதிரிதான்.

"வேணும்," என்றாள். "எனக்கும் தெரியணும்தான். அது தானா சாகட்டும். செத்தப்பறம் வந்து நல்லா திறந்து பாத்துக்கோங்க. இருட்டற வரைக்கும் துடிச்சுதுன்னு என்கிட்ட வந்து சொல்ல வேண்டாம், அதக் கேட்டு எனக்கு அலுத்துப் போச்சு."

அவருக்கு ஒன்றும் புரியவில்லை. புரியவைக்க அவளுக்குப் பொறுமையும் இல்லை.

"க்ளேப்! பஸ்ஸுக்கு இன்னொரு தடவ போன் பண்ணாதே. கீழ நிக்கற வண்டியில இவர ஏத்திடலாம்."

"அந்த வண்டியிலயா? அது நாய்..."

"தெரியும். வாழ்நாள் பூரா அதுலதான போய்ட்டு வந்தார்? இன்னைக்கு மட்டும் என்ன புதுசா கௌரவம்?"

"அது ஆய்வுக்கழகத்து வண்டி!" என்றார் வலேரியான் எத்வர்தோவிச். "அத அப்படியெல்லாம்..."

"இவரும் ஆய்வுக்கழகத்து ஆளுதான். கழகத்துச் சொத்தக் கழகத்து வண்டியில ஏத்தறோம். என்ன தப்பு?"

க்ளேப் பெட்டியின் ஓரத்தைப் பிடிக்கப் போனான். கபிதோலினா அவன் கையில் பட்டென்று தட்டினாள். "நீ தொடாதே! மருமகன் நீ. சொந்தக்காரங்க தூக்கினா அடுத்தவனையும் கூட்டிட்டுப் போயிடுவார். வேத்தாள்தான் தூக்கணும்."

வேற்றாள் எங்கே இருக்கிறார்கள்? பழைய சகாக்கள் ஒருவர்கூட வரவில்லை. வண்டி ஓட்டிவந்த மகார் மேலே ஏறிவந்து, தொப்பியைக் கழற்றி, "வணக்கம் ப்ரோகோர் ஜகாரிச்," என்று பெட்டியைப் பார்த்தே சொல்லிவிட்டு, மூடியைக் கொண்டுவந்து பொருத்தி, ஒரு முனையைப் பிடித்தான். அடுத்த அறைகளிலிருந்து இரண்டு பேர் வந்தார்கள். அப்புறமும் ஒரு முனை பாக்கி.

கபிதோலினா வலேரியான் எத்வர்தோவிச்சை ஏற இறங்கப் பார்த்தாள். "நீங்க சொந்தமில்லையே?"

"நானா? நான்..."

"அப்ப புடிங்க. கைதான் நல்லா தூக்குவீங்களே!"

அவர் மலர்வளையத்தை எங்கே வைப்பதென்று தெரியாமல் க்ளேப்பிடம் கொடுத்தார். தொப்பியைப் பையில் திணித்தார். பெட்டியின் தலைமாட்டு முனை அவர் தோளில் ஏறியது. கபிதோலினா ஒரு நிமிஷம்கூட வீணாக்காமல் மேசையையும் முக்காலிகளையும் தலைகீழாகக் கவிழ்த்தாள். செத்தவர் திரும்பிவந்து உட்கார இடம் வைக்கக் கூடாதாம்.

அந்தப் படிக்கட்டைக் கட்டியவன் மனுஷன் சாவான் என்பதையே நினைக்கவில்லை. ஒவ்வொரு திருப்பத்திலும் பெட்டியைச் செங்குத்தாக நிமிர்த்த வேண்டியிருந்தது. "என் பக்கம் சாயுது!" "காலத் தூக்கு!" "கம்பிய விடு!" என்று ஒரே கூச்சல். வலேரியான் எத்வர்தோவிச்சின் வழுக்கையில் வேர்வை வழிந்தது. பையிலிருந்த சங்கிலி நழுவி ஒவ்வொரு படியிலும் கலகலத்துக்கொண்டு வந்தது. ரிம்மா கையைப் பிசைந்துகொண்டு பின்னாலேயே இறங்கினாள். இரண்டாம் மாடித் திருப்பத்தில் துணை இயக்குநரின் கை வழுக்கி, பெட்டியின் தலைமாடு சுவரில் மோதப் போனது.

"மெதுவா!" என்று அலறினாள் ரிம்மா. "அப்பாவுக்குத் தலை இடிக்கும்!"

கபிதோலினா மேல்படியிலிருந்து அவளைத் திரும்பிப் பார்த்தாள்.

மகார் வண்டிக்குள்ளிருந்த கூண்டுகளை ஒவ்வொன்றாக இறக்கிப் பனியில் வைத்தான். பெட்டி கச்சிதமாக உள்ளே போயிற்று. வண்டிக்குள் இன்னும் நாய் வாடை அடித்தது. கல்லறை வரைக்கும் பெட்டியின் ஒரு பக்கம் ரிம்மாவும் க்ளேப்பும், மறு பக்கம் வலேரியான் எத்வர்தோவிச்சும் முழங்கால் இடிக்க உட்கார்ந்து போனார்கள். அவருக்கு வேறு வழியில்லை, வந்த வண்டி அதுதான். வழியில் ஒருமுறை, "நல்ல கை அவருக்கு. அந்த மாதிரி தையல் போட யாராலயும் முடியாது," என்றார். இதைக் கமிஷனில் சொல்லியிருந்தால் என்ன கேடு என்று ரிம்மா நினைத்துக்கொண்டாள்.

குழியில் மண் தள்ளியானதும் அவர் காலரைத் தூக்கிவிட்டுக்கொண்டு டிராம் நிறுத்தத்தை நோக்கி நடந்துவிட்டார். நாய் சாகும்போது சொல்லி அனுப்புங்கள் என்று மட்டும் சொன்னார்.

சாயங்காலம் கவிழ்த்த மேசையை நிமிர்த்தி, வீட்டாரும் அக்கம்பக்கத்தாரும் மகாருமாகக் கூடி, ப்ளினியும் தேன் கலந்த கோதுமைச் சோறும் சாப்பிட்டார்கள். சாவு வீட்டு வழக்கப்படி கிளாசோடு கிளாஸ் இடிக்காமல் குடித்தார்கள். மகார் ரொம்பக் குடித்துவிட்டு, ப்ரோகோர் ஜகாரிச் ஒவ்வொரு நாய்க்கும் மயக்க மருந்து கொடுப்பதற்கு முன்னால் பெயர் சொல்லிக் கூப்பிடுவார் என்றான். ஒரு தடவை மட்டும் ஒரு வெள்ளை நாயைக் கூப்பிடவே முடியாமல் வெளியே போய் நின்றுவிட்டாராம். ஒரு காது கறுப்பாம். யார் வீட்டு நாய் என்று மகாருக்கு ஞாபகமில்லை. ரிம்மா எழுந்து தட்டுகளை அடுக்க ஆரம்பித்தாள்.

எல்லாரும் போனபின் கபிதோலினா தன் அறையைத் திறந்து நாயை விட்டாள்.

"நெஞ்சுல காது வெச்சுக் கேட்டேன்டி," என்றாள்.

"ஒண்ணா, ரெண்டா?"

"எனக்குத்தான் வலது காது மந்தமாச்சே. ஏதோ ஓடுது."

ரிம்மா தட்டுகளோடு சமையலறைக்குப் போனாள். திரும்பி வந்தபோது கபிதோலினா அலமாரி முன்னால் வாயைப் பொத்திக்கொண்டு நின்றாள். வோட்கா கிளாஸ் போட்டோவின் முன்னால் சிந்தாமல் சிதறாமல் அப்படியே இருந்தது. மேலிருந்த ரொட்டியைக் காணோம். அலமாரியை ஒட்டியிருந்த நாற்காலியிலிருந்து கூஸ்யா தடுமாறி இறங்கிக்கொண்டிருந்தது. மீசையில் கறுப்புத் துணுக்கு.

"ஐயையோ! செத்தவர் ரொட்டிய நாய் தின்னுடுச்சே! இது நல்லதுக்கில்ல ரிம்மா! அத வெளிய துரத்து!"

"சனியன் புடிச்ச நாயி," என்றாள் ரிம்மா. "இன்னைக்குப் பூரா ஒருத்திய நிம்மதியா உக்கார விடறியா?"

சமையலறைக்குப் போய் ரொட்டியில் ஒரு துண்டு வெட்டினாள். பார்த்தாள். அதை வைத்துவிட்டு இன்னும் தடிமனாக ஒன்று வெட்டிக்கொண்டு வந்தாள். மூலையில் இன்னும் கவிழ்ந்தே கிடந்த முக்காலி ஒன்றை நிமிர்த்தி அலமாரிக்கு முன்னால் போட்டாள். வோட்கா கிளாசை எடுத்து முக்காலியில் வைத்து, அதன்மேல் ரொட்டியை வைத்தாள்.

"ஏன் கீழ வெக்கற?" என்றான் க்ளேப்.

"மேல வெச்சா மறுபடியும் நாற்காலில ஏறும். விழுந்து கால உடைச்சுக்கும். அப்பறம் யாரு பாக்கறது?"

சொல்லிவிட்டு, கழுவ வேண்டிய கிளாஸ்களைப் பொறுக்கிக்கொண்டு நடைவழியில் போனாள். பின்னால், முக்காலியை நோக்கி, தரையில் நகங்கள் மெல்லத் தட்டுகிற சத்தம் கேட்டது. அவள் திரும்பிப் பார்க்கவில்லை, குழாயைத் திறந்துவிட்டாள்.